ஒளியுருவின் ஆட்சியும் ஒளி செய்வோரும்: சிவகாசியிலிருந்து ‘என் இனிய இயந்திரா’வை வாசித்தல்

ஆய்வுச் சுருக்கம்

சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’, அதன் தொடர்ச்சியான ‘மீண்டும் ஜீனோ’ ஆகிய நாவல்கள் ஓர் ஒளியுருவால் ஆளப்படும் நாட்டைப் படைத்துக் காட்டுகின்றன. அந்நாட்டில் பிறப்பும் இறப்பும் அரசின் உத்தரவுக்கு உட்பட்டவை. ஒளியைக் கொண்டு ஆளுதல், காலத்தை உரிமமாக வழங்குதல் என்னும் இவ்விரு கூறுகளையும் இக்கட்டுரை ஆராய்கிறது. நாட்காட்டியும் பட்டாசும் பெருமளவில் உற்பத்தியாகும் சிவகாசியை வாசிப்பு நிலைக்களமாகக் கொண்டு, நாவல் எதனை வெளிப்படுத்துகிறது, எதனைக் காணத் தவறுகிறது என மதிப்பிடுகிறது. ஒளியுருவின் பின்னால் மறைந்திருக்கும் ஆள்வோரைக் காட்டிக்கொடுக்கும் நாவல், அவ்வொளியை உண்டாக்கும் உழைப்பாளரைக் காட்டவில்லை என்பது இக்கட்டுரையின் முடிபு.

திறவுச்சொற்கள்: சுஜாதா, அறிவியல் புனைகதை, ஒளியுரு, காலக் கட்டுப்பாடு, சிவகாசி, உழைப்பு

முன்னுரை

தமிழ் அறிவியல் புனைகதையைக் குறித்த பேச்சில் ‘என் இனிய இயந்திரா’ தவிர்க்கவியலாத இடம் பெறுகிறது. 1980-களில் ஆனந்த விகடனில் தொடராக வெளிவந்து, பின்னர்த் தொலைக்காட்சித் தொடராகவும் பரவலான மக்களைச் சென்றடைந்த படைப்பு அது. இந்நாவல் பெரும்பாலும் முன்னறிவிப்பாகவே வாசிக்கப்படுகிறது. ஒளியுருவை முன்கூட்டியே எழுதினார், பேசும் இயந்திரத்தை முன்கூட்டியே கண்டார் என்ற வியப்பே மதிப்பீடாக நின்றுவிடுகிறது. புனைவை ஆரூடமாக்கும் இவ்வாசிப்பு அதன் அரசியல் உள்ளடக்கத்தைப் பின்தள்ளிவிடுகிறது. சொல்லியது பலித்ததா என்பதைவிட, ஓர் அரசு ஏன் உடலை விடுத்து ஒளியைத் தேர்ந்தது, அந்த ஒளி யாருடைய காலத்தை எரித்து உண்டாகிறது என்பனவே திறனாய்வு எழுப்பத்தக்க வினாக்கள்.

இவ்வினாக்களை எழுப்ப ஏற்ற ஊர் சிவகாசி. ஆடிப்பெருக்கன்று புத்தாண்டு நாட்காட்டியின் மாதிரி ஆல்பங்கள் அங்கே வெளியிடப்படுகின்றன. வரவிருக்கும் ஆண்டின் நல்ல நேரமும் இராகு காலமும் எமகண்டமும் அங்கு அச்சாகித் தமிழகமெங்கும் சுவரேறுகின்றன. தீபாவளி இரவின் ஒளியும் அங்கிருந்தே வருகிறது. காலத்தையும் ஒளியையும் சரக்காகச் செய்தனுப்பும் ஓர் ஊரிலிருந்து பார்க்கும்போது, இந்நாவலின் கற்பனை நாடு அத்தனை அயலானதாகத் தோன்றுவதில்லை.

ஒளியும் ஆணையும்: மரபுப் பின்புலம்

ஆட்சியை ஒளியாக உருவகித்தல் தமிழுக்குப் புதிதன்று. சிலப்பதிகாரத்தின் மங்கல வாழ்த்து திங்களையும் ஞாயிற்றையும் போற்றித் தொடங்குகிறது. திங்கள் சோழனின் வெண்குடையை ஒத்து உலகுக்கு அருள் செய்வதாலும், ஞாயிறு அவனது ஆணைச் சக்கரம்போல் மேருவை வலம் வருவதாலும் போற்றப்படுகின்றன. ஒளிரும் பொருளுக்கு அரசன் உவமை ஆகிறானேயன்றி, அரசனுக்கு ஒளி உவமை ஆகவில்லை என்பது கருதத்தக்கது. இயற்கையின் ஒளியே ஆணையின் சாயல் கொண்டதாகக் காட்டப்படுகிறது. ஆயினும் அக்காப்பியத்தில் அரசன் பிழை செய்யக்கூடியவன். பிழைக்கு விடையிறுக்க வேண்டியவன். பிழையை உணர்ந்து உயிர் துறக்கக்கூடியவன். ஒளியாக உருவகிக்கப்பட்டாலும் அவனுக்கு உடல் உண்டு. நீதி கேட்டு அவன்முன் சென்று நிற்க ஒரு வாயிலும் உண்டு.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இராமலிங்க அடிகள் இவ்வுருவகத்தை வேறு திசையில் திருப்பினார். 1872-இல் வடலூரில் அமைக்கப்பெற்ற சத்திய ஞான சபையில் தைப்பூசத்தன்று ஏழு திரைகள் நீக்கப்பட்டுச் சோதி காட்டப்படுகிறது. திரைகள் விலகிய பின் அங்கே இருப்பது ஒளி மட்டுமே. ஆணையிடும் மனிதர் எவரும் இல்லர். 1867-இல் தொடங்கிய சத்திய தருமச்சாலையில் பசித்தவர்க்கு உணவிடுதல் அந்த ஒளி வழிபாட்டின் மறுபாதி. ஒளியின் முன் அனைவரும் சமம் என்ற கொள்கை அடுப்பெரியும் ஓரிடத்தில் நடைமுறையாகிறது.

சிலம்பில் ஒளிக்குப் பின்னால் பொறுப்பேற்கும் உடல் உண்டு; வடலூரில் ஒளிக்குப் பின்னால் ஆள்பவர் என்று எவரும் இல்லை. சுஜாதாவின் நாட்டில் ஒளிக்குப் பின்னால் ஆள்வோர் உண்டு. ஆனால் அவர்களுள் எவரும் பொறுப்பேற்பதில்லை. மரபிலிருந்து நாவல் விலகும் இடம் இதுவே.

ஜீவா: பொருளற்ற ஒளி

நாவலின் கதைக்களம் 2020-களின் தொடக்கத்து இந்தியா. நாட்டை ஜீவா என்னும் சர்வாதிகாரி ஆள்கிறார். குழந்தை பெற்றுக்கொள்ள அரசின் அனுமதி பெற்ற நிலாவின் மகிழ்ச்சியோடு கதை தொடங்குகிறது. ரவி என்னும் அயலான் ஜீனோ என்ற இயந்திர நாயுடன் அவளது வீட்டுக்கு வந்து சேர்கிறான். அவளுடைய கணவன் சிபி காணாமல் போகிறான். தேடலின் வழியே நிலா, ரவியும் மனோவும் ஜீவாவுக்கு எதிராகத் தீட்டும் சதிக்குள் இழுக்கப்படுகிறாள். ஜீவா உயிருள்ள மனிதரே அல்லர், ஓர் ஒளியுரு என்பது பின்னர்த் தெரியவருகிறது.

ஒளியுருப் பதிவு 1940-களின் இறுதியில் டென்னிஸ் கபோர் கண்டறிந்த முறை. 1960-இல் லேசர் உருவான பின்பே அது நடைமுறைக்கு உகந்ததாயிற்று. பொருளின்மீது பட்டுத் திரும்பும் ஒளியையும் நேரடி ஒளியையும் குறுக்கிடச் செய்து பதிவதே அதன் அடிப்படை. ஆகவே ஒளியுருவுக்கு முன்னால் ஒரு பொருள் ஒருமுறையேனும் இருந்திருத்தல் வேண்டும். நாவலில் மக்கள் கண்ட ஜீவாவோ, அஞ்சியும் போற்றியும் வழிபடத்தக்க ஒரு மனிதர் அங்கிருக்கிறார் என்ற நம்பிக்கையாலேயே நிலைபெறுகிறார். அவருக்கு அடிப்படையாக அமைந்தது மக்களின் பார்வையே எனலாம். மின்னணுப் பொறியாளரான சுஜாதா, தொழில்நுட்பத்தை விளக்குவதைவிட அதனை நம்பவைக்கும் கூட்டு மனநிலையை விளக்குவதிலேயே கூடுதல் கவனம் செலுத்தியுள்ளார்.

திரைக்குப் பின்னிருந்து ஆளும் பொய்யுருவை உலக இலக்கியம் முன்பே அறியும். எல். ஃபிராங்க் பாம் 1900-இல் எழுதிய சிறுவர் நாவலில் ஓஸ் நாட்டு மந்திரவாதி, பொறிகளை இயக்கும் எளிய மனிதனாக வெளிப்படுகிறான். ஜார்ஜ் ஆர்வெல்லின் 1949-ஆம் ஆண்டு நாவலில் ‘பெரிய அண்ணன்’ சுவரொட்டியாகவும் திரையாகவும் மட்டுமே தோன்றுகிறார்; அவர் உண்மையில் இருக்கிறாரா என்ற வினாவுக்கு விடை இல்லை. ஓஸ் நாட்டில் பொய் வெளிப்பட்டதும் அச்சம் நீங்குகிறது. ஆர்வெல்லிடம் பொய் வெளிப்படுவதே இல்லை. சுஜாதாவிடம் பொய் வெளிப்பட்ட பின்னும் அமைப்பு நீடிக்கிறது. ஜீவாவின் உண்மையை அறிந்த ரவியும் மனோவும் அந்த எந்திரத்தை உடைக்கவில்லை, அதனைக் கைப்பற்றுகின்றனர். நிலாவை அரசியாக்கி, அவள் பெயரால் ஆளத் தலைப்படுகின்றனர். ‘மீண்டும் ஜீனோ’ அங்கிருந்து தொடர்கிறது. ஒளியுருவின் இடத்தில் உயிருள்ள பெண் வந்தாலும் அவளும் பிம்பமாகவே பயன்படுத்தப்படுகிறாள். பொய்யை அம்பலப்படுத்தினால் விடுதலை கிட்டிவிடும் என்ற எளிய நம்பிக்கையை இந்நாவல்கள் ஏற்கவில்லை. இவற்றின் அரசியல் வலிமை இம்மறுப்பில்தான் உள்ளது.

பெயர்களின் ஒளியியல்

நாவலின் முதன்மை மாந்தர் பெயர்கள் அனைத்தும் ஈரெழுத்தில் சுருங்கியவை: நிலா, சிபி, ரவி, மனோ, ஜீவா, ஜீனோ. அரசின் பதிவேட்டுக்கு ஏற்ப மனிதர் சுருக்கப்பட்டுள்ளனர் என்பதை இது உணர்த்துகிறது. எவ்கேனி சமியாத்தின் 1920-களின் தொடக்கத்தில் எழுதிய ‘நாம்’ நாவலில் மாந்தர்க்குப் பெயரே இல்லை. எழுத்தும் எண்ணும் மட்டுமே உண்டு. அதனோடு ஒப்பிடுகையில், சுஜாதா பெயரை அழிக்காமல் வெட்டுகிறார். எஞ்சிய துண்டு இன்னும் பொருள் தருகிறது என்பதே இங்குக் கவனிக்க வேண்டியது.

ஜீவா என்றால் உயிர்; அப்பெயர் கொண்டவருக்கு உயிர் இல்லை. ரவி என்றால் ஞாயிறு; நிலா என்றால் திங்கள். திங்களுக்குத் தன்னொளி இல்லை. ஞாயிற்றின் ஒளியை வாங்கித் தருவதே அதன் இயல்பு. ரவி ஆட்டுவிக்க நிலா அரசியாகத் தோன்றும் கதைப்போக்கு இப்பெயர்களிலேயே உறைந்துள்ளது. சிலம்பின் மங்கல வாழ்த்தில் குடையும் சக்கரமுமாக அரசனுக்கு நெருங்கி நின்ற திங்களும் ஞாயிறும் இங்கே பொம்மை அரசியும் சூழ்ச்சியாளனுமாக இடம் மாறியுள்ளன. ஆசிரியர் இதனைத் திட்டமிட்டு அமைத்தாரா என்பது துணிபுக்கு உரியதன்று. பனுவல் அப்பொருளைத் தாங்குகிறது என்பதே போதுமானது.

காலத்தின் உரிமம்

ஜீவாவின் அரசு ஒளியால் மட்டும் ஆளவில்லை, காலத்தாலும் ஆள்கிறது. எப்போது பிறக்கலாம் என்பதும் எப்போது இறக்க வேண்டும் என்பதும் அரசின் அதிகாரத்திற்குள் வருகின்றன. வில்லியம் நோலனும் ஜார்ஜ் கிளேட்டன் ஜான்சனும் 1967-இல் எழுதிய ‘லோகனின் ஓட்டம்’ நாவலில் 21 வயதோடு வாழ்வு முடிக்கப்படுகிறது. அங்கே காலக்கெடுவை மீறி ஓடுதல் கதையின் உந்துவிசை. ‘என் இனிய இயந்திரா’வில் அத்தகைய ஓட்டம் கதையின் மையமன்று. நிலா காலக்கட்டுப்பாட்டை வெறுத்து எழுந்தவள் அல்லள். அனுமதி கிடைத்ததற்கு மகிழ்ந்தவள். ஒடுக்குமுறையைப் பரிசாகப் பெறும் இம்மனநிலையைத் தொடக்கத்திலேயே காட்டியது நாவலின் நுட்பம்.

சிவகாசியின் வாழ்விலும் காலம் உரிமமாகவே கிடைக்கிறது. வெயில் ஏறுமுன்பே மருந்துக் கலவையை முடித்துவிட வேண்டும் என்பது தொழில் வழக்கம். வெடிமருந்து உரிமத்தின் தலைமை அலுவலகம் நாக்பூரில் இருக்கிறது. 2018 அக்டோபர் 23-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு, தீபாவளியன்று இரவு 8 முதல் 10 மணி வரை மட்டுமே பட்டாசு வெடிக்கலாம் என்றது. தமிழகத்தில் தீபாவளி விடியற்காலைக்குரியது என்பது எடுத்துரைக்கப்பட்ட பின், மொத்தம் இரண்டு மணி நேரத்துக்கு மிகாமல் மாநிலங்கள் நேரத்தை மாற்றிக்கொள்ள அனுமதிக்கப்பட்டது. தமிழக அரசு காலை 6 முதல் 7 மணி வரையும் இரவு 7 முதல் 8 மணி வரையும் எனப் பகுத்தது. பச்சை ஒளி தரும் பேரியம் உப்புகளும் சரவெடியும் தடை செய்யப்பட்டன.

இத்தீர்ப்பையும் ஜீவாவின் ஆணையையும் ஒரே தட்டில் வைத்தல் பிழையாகும். ஒன்று மூச்சுக்காற்றைக் காக்கும் பொதுநலன் கருதி, வழக்காடி, காரணம் சொல்லி வழங்கப்பட்டது. மேல்முறையீட்டுக்கும் திருத்தத்துக்கும் இடமளித்தது. ஒரே வாரத்தில் திருத்தப்படவும் செய்தது. மற்றது காரணம் கூறாதது. ஆணையிட்டவரைக் கேள்வி கேட்க வழி உண்டா என்பதே குடியாட்சியையும் ஒளியுரு ஆட்சியையும் பிரிக்கும் கோடு. எனினும் ஓராண்டு முழுவதும் உழைத்துச் சேர்த்த ஒளி இரண்டு மணி நேரத்துக்குள் அடங்கிவிடும்போது, அந்த ஓராண்டு உழைப்பு எந்தக் கணக்கில் வரும் என்ற வினா எஞ்சுகிறது. அவ்வினாவை நாவலின்முன் வைக்கும்போதுதான் அதன் வெற்றிடம் புலனாகிறது.

ஜீனோவின் கல்விக்கூடம்

அதற்குமுன், நாவல் வழங்கும் நம்பிக்கையை மதிப்பிடுதல் முறை. ஜீவாவின் நாட்டில் உண்மையாகக் கற்கும் உயிர் ஒன்றுதான், அது இயந்திரம். பொம்மை நாயாக வரும் ஜீனோ நூல்களை வாசிக்கிறது, வினவுகிறது, ஐயுறுகிறது, நகைக்கிறது. காலம், இயக்கம் பற்றிய புதிர்களுக்குப் பெயர்பெற்ற கிரேக்க மெய்யியலாளர் ஸீனோவின் பெயரை அதன் பெயர் நினைவூட்டுவதும் பொருந்துகிறது. அரசு தந்த தகவலோடு நின்றுவிட்ட மனிதர்களிடையே, தகவலை ஐயப்பாடாக மாற்றத் தெரிந்த ஒரே மாணாக்கன் ஜீனோ. நாவலில் கல்விக்கூடம் என்று ஒன்று உண்டெனில், அது நிலாவும் ஜீனோவும் நிகழ்த்தும் உரையாடல்தான். தான் கட்டுப்படுத்தப்படுவதை நிலா உணரத் தொடங்குவதும், தன்னியல்பாக முடிவெடுக்கத் துணிவதும் அவ்வுரையாடல் வழியாகவே நிகழ்கின்றன.

இந்நாவல் வெளிவந்த பத்தாண்டில், உண்மையான கல்விக்கூடம் யாருக்கு வாய்த்தது என்பதும் சிந்திக்கத்தக்கது. 1986-ஆம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம், 14 வயது நிறையாதோரைப் பணியமர்த்தக் கூடாத தொழில்களின் பட்டியலில் தீப்பெட்டி, வெடிபொருள், பட்டாசு உற்பத்தியைச் சேர்த்தது. குடும்பத்தாரின் துணையோடு நடக்கும் பட்டறைகளுக்கு அதே சட்டம் விலக்கும் அளித்தது. சிவகாசிச் சிறுவர் நிலையை முன்வைத்துத் தொடரப்பட்ட வழக்கில் 1996 டிசம்பர் 10-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பணியமர்த்தப்பட்ட ஒவ்வொரு குழந்தைக்கும் 20,000 ரூபாயை உரிமையாளர் நலநிதிக்குச் செலுத்த வேண்டும் என்றும், குழந்தையின் கல்வியை உறுதிசெய்ய வேண்டும் என்றும் அது கூறியது. ஓர் இயந்திரம் வாசிக்கக் கற்பதைத் தமிழ் நடுத்தர வர்க்கம் வாரந்தோறும் வியந்து படித்த அதே ஆண்டுகளில், ஒளியைச் செய்த ஊரின் சிறுவர் பலர் பள்ளிக்கு வெளியே இருந்தனர். இது நாவலாசிரியர்மீது சுமத்தும் குற்றச்சாட்டன்று. வாசிப்புச் சூழலின் பிளவைச் சுட்டும் குறிப்பு.

ஒளி செய்வோர்: நாவலின் வெற்றிடம்

ஜீவாவின் பிம்பத்தை இயக்குவோர் யார் என்று நாவல் கேட்கிறது. அப்பிம்பத்துக்கான கருவிகளைச் செய்தோர் யார் என்று கேட்பதில்லை. கதை நகர்ப்புற நடுத்தர வீட்டுக்கும் அதிகார மையத்துக்கும் இடையே இயங்குகிறது. கையால் உழைப்போர் அதில் மாந்தராக உருப்பெறவில்லை. தொழிற்சாலைகள் கண்ணுக்கு அப்பால் இருக்கின்றன, பொருள்கள் வந்துவிடுகின்றன. எதிர்காலத்தை எழுதும் பல படைப்புகளுக்கும் பொதுவான குறை இது என்றாலும், ஆட்சியின் அடிப்படையே ஒளி என்று எழுதிய படைப்பில் இக்குறை கூடுதல் பொருள் பெறுகிறது.

சிவகாசியின் வரலாறு இங்கே எதிர்ச்சான்றாக அமைகிறது. 1920-களின் தொடக்கத்தில் பி. அய்ய நாடாரும் ஏ. சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்று வந்தனர். தீப்பெட்டிக்கு ஒட்டுப்படம் தேவைப்பட்டது. அத்தேவை அச்சகத்தை வளர்த்தது. இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் பட்டாசுத் தொழில் வேரூன்றியது. நெருப்பும் படமும் நாட்காட்டியும் ஒரே கொடியில் காய்த்தன. அருகிலுள்ள கோவில்பட்டியில் சி. கொண்டையராஜுவும் அவர்தம் மாணவர்களும் வரைந்த தெய்வங்கள் சிவகாசி அச்சகங்களின் வழியே வீடுகளுக்குச் சென்றன. அப்படங்களில் தலைக்குப் பின் விரியும் ஒளிவட்டம், தெய்வத்துக்கு மட்டுமன்றித் தலைவர்களுக்கும் பின்னாளில் உரியதாயிற்று. ஒருவரை ஒளியாக்கி வணங்கும் தமிழ்க் காட்சிப் பழக்கத்துக்கு இவ்வச்சு மரபு பெரும் பங்களித்துள்ளது. ஜீவாவை ஏற்ற கண்கள் இந்த ஒளிவட்டங்களில் பழகிய கண்கள் என வாசிக்க இடமுண்டு.

ஆனால் அந்த ஒளிக்கு விலை கொடுத்தோர் வேறு. திரி நறுக்குவோர், மருந்து செலுத்துவோர், காகிதக் குழல் சுற்றுவோர், கம்பி மத்தாப்பு முக்குவோர் எனப் பல கைகளைக் கடந்தே ஒரு பெட்டி நிறைகிறது. 2012 செப்டம்பர் 5-ஆம் நாள் முதலிப்பட்டியில் நேர்ந்த வெடிவிபத்தில் முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். அதற்குப் பின்னரும் விபத்துகள் நின்றுவிடவில்லை. வானத்தில் ஒரு நொடி விரியும் நிறத்தைக் காண்போர் அதனைச் செய்தவரை நினைப்பதில்லை. ஒளியின் இயல்பே அதுதான்: தன்னைக் காட்டும், தன் மூலத்தைக் கண்கூசச் செய்து மறைக்கும். நாவலின் ஒளியுரு ஆள்வோரை மறைத்தது. நாவலோ அவ்வொளியின் உழைப்பை மறைத்தது. முதல் மறைப்பை ஆசிரியர் அறிந்து எழுதினார். இரண்டாவது அவர் அறியாமல் நேர்ந்தது.

மறுப்பும் விடையும்

சிவகாசியைப் பற்றி ஒரு சொல்லும் பேசாத நாவலை அவ்வூரிலிருந்து மதிப்பிடுவது பனுவலுக்குப் புறம்பானது என்று மறுக்கலாம். பனுவல் எடுத்துக்கொள்ளாத பொருளைக் கேட்பது திறனாய்வு ஆகாது என்பது அம்மறுப்பின் சாரம். இதற்கு இரு விடைகள் உண்டு. ஒன்று, நாவலின் மையப்பொருளே மறைப்பு. மறைப்பை அம்பலப்படுத்துவதைத் தன் பணியாக மேற்கொண்ட படைப்பிடம், அது எதனை மறைக்கிறது என்று கேட்பது புறம்பன்று. அப்படைப்பே கற்பித்த கேள்வியை அதனிடம் திருப்பிக் கேட்பதாகும். மற்றொன்று, ஆசிரியர் இயந்திரங்களின் உற்பத்தித் தளத்தை அறியாதவர் அல்லர். பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் மின்னணு வாக்குப்பதிவு இயந்திர உருவாக்கத்தில் பங்கேற்றவர் அவர். 1982-இல் கேரளத்தின் பரவூர்த் தொகுதியில் முதன்முதலாகப் பயன்பட்ட அவ்வியந்திரம், ஆட்சிக்கும் மின்னணுவியலுக்கும் உள்ள உறவை அவருக்கு நேரடிப் பணியாக்கியது. எனவே உற்பத்தியின் இன்மை அறியாமையால் வந்ததன்று. தொடர்கதை வடிவமும் அதன் வாசகர் வட்டமும் வகுத்த எல்லையால் வந்தது எனக் கொள்வதே பொருத்தம்.

இன்றைய நிகழ்வுகள் இவ்விவாதத்தை நூலகத்துக்கு வெளியே கொணர்கின்றன. 2014 மக்களவைத் தேர்தலில் நரேந்திர மோடியின் முப்பரிமாண உருவம் ஒரே நேரத்தில் பல ஊர்களில் மேடையேறியது. ஒளியுரு என அழைக்கப்பட்டாலும், அது 1862-இல் இலண்டன் மேடையில் காட்டப்பட்ட ‘பெப்பரின் ஆவி’ என்னும் சாய்கண்ணாடி உத்தியின் வளர்ச்சி. 2024 சனவரியில் மறைந்த முதல்வர் மு. கருணாநிதியின் உருவம் செயற்கை நுண்ணறிவால் உருவாக்கப்பட்டு விழா மேடைத் திரையில் பேசியது. அடுத்த மாதம் மறைந்த முதல்வர் ஜெ. ஜெயலலிதாவின் குரல் அவ்வாறே வெளியிடப்பட்டது. இவை ஜீவாவின் ஆட்சியல்ல. பார்த்தோர் அறிந்தே பார்த்தனர். ஆயினும் இறந்தவருக்குக் காலம் நீட்டிக்கப்படும்போது, அவர் சொல்லும் சொல்லுக்கு யார் பொறுப்பு என்ற சிலப்பதிகாரக் கேள்வி மீண்டும் எழுகிறது.

முடிவுரை

‘என் இனிய இயந்திரா’ ஒளியுருவை முன்னறிவித்த நாவல் என்பதைவிட, பொய் வெளிப்பட்ட பின்னும் நீடிக்கும் அதிகாரத்தை எழுதிய நாவல் என்பதே தகுந்த மதிப்பீடு. பெயர்களின் பொருளமைதி, அனுமதியை மகிழ்ச்சியாக ஏற்கும் நிலாவின் மனநிலை, ஜீனோவின் ஐயுறும் கல்வி ஆகியன அதன் வலிமைகள். ஒளியின் உற்பத்தியையும் உழைப்பையும் காணாமை அதன் எல்லை. இவ்வெல்லை தமிழ் அறிவியல் புனைகதை முழுமைக்கும் எந்த அளவு பொருந்தும் என்பது தனித்து ஆராயத்தக்கது. கருவியை இயக்குவோரோடு கருவியைச் செய்வோரையும் மாந்தராகக் கொண்ட எதிர்காலப் புனைவுகள் தமிழில் உள்ளனவா, அவை தொழில் ஊர்களிலிருந்து எழுந்தனவா என்னும் வினாக்கள் அவ்வாய்வின் தொடக்கப் புள்ளிகளாக அமையலாம்.